ஓய்வில் அகப்படும் புரதம்

உயிரணுவினுள் வினையாற்றுவன பெரும்பாலும் புரதங்களே. இருபது வகையான அமினோக்காடிகள் ஒன்றன்பின் ஒன்றாகக் கோக்கப்பட்டுத் தொடராகி, அத்தொடர் தானே மடிந்தும் சுருண்டும் தனக்கே உரிய வடிவை எய்தி நிற்பது புரதம். தொடரின் வரிசையை மரபணு வகுக்கிறது. வரிசை வடிவை வகுக்கிறது. வடிவு தொழிலை வகுக்கிறது. இவற்றுள் நடுவே நிற்கும் வடிவினை, அணுவுக்கும் அணுவுக்கும் உள்ள இடைத்தொலைவு வரை அளந்தறிந்து, அவ்வளவினின்று தொழிலின் இயல்பை உய்த்துணரும் அறிவுத்துறை கட்டமைப்பு உயிரியல் எனப்படும். அத்துறை புற்றுநோய்க்கு மருந்து காண எவ்வாறு துணைநின்றது என்பதும், அத்துணையின் உயிர்நாடியாக விளங்கிய உண்மை யாது என்பதும் இங்கு ஆராயப்படும். அவ்வுண்மையை முதலிலேயே கூறிவிடலாம்: புரதத்தின் வடிவு ஒன்றன்று. உழைக்கும்போது ஒரு வடிவும் ஓய்ந்திருக்கும்போது வேறொரு வடிவும் அதற்கு உண்டு. புற்றை வென்ற மருந்துகளுள் தலையாய சில, உழைக்கும் வடிவைத் தாக்கி வென்றவை அல்ல, ஓய்ந்த வடிவைப் பற்றி வென்றவை.

புற்றுநோய் மருந்துகளை இருவகையாகப் பகுக்கலாம். பிரிந்து பெருகும் உயிரணு எதுவாயினும் அதனைக் கொல்வது முதல்வகை. புற்றணுவைப் பெருகத் தூண்டும் புரதம் இன்னதெனத் தெரிந்து, அதனை மட்டும் செயலறச் செய்வது இரண்டாம் வகை. இதனை இலக்குநோக்கு மருந்து என்கிறோம். மயிர்க்காலும் குடலின் உட்போர்வையும் எலும்புமச்சையும் நாள்தோறும் பிரிந்து பெருகும் இயல்பின ஆதலால், முதல்வகை மருந்து அவற்றையும் அழிக்கும். தலைமுடி கொட்டுவதும் குருதி குன்றுவதும் அதனாலேயே. இவ்வகையை நான் இகழவில்லை. குழந்தைகளைத் தாக்கும் குருதிப்புற்றுகள் பலவற்றை இன்றும் குணமாக்குவது இதுவே. ஆயினும் ஒரு புரதத்தைத் தொட்டு மற்றவற்றைத் தொடாதிருக்க வேண்டுமாயின், அப்புரதம் மற்றவற்றினின்று எவ்விடத்தில் வேறுபடுகிறது என்பதை அறிந்தாக வேண்டும். அவ்வறிவைத் தெளிவாகத் தரவல்லது வடிவாய்வு.

வடிவை அறியும் வழிகள் மூன்று: ஊடுகதிர்ப் படிகவியல், காந்த ஒத்ததிர்வு, உறைகுளிர் மின்னி நுண்ணோக்கி. கரியணுக்கள் இரண்டு பிணைந்திருக்கும் இடைத்தொலைவு ஏறத்தாழ ஒன்றரை ஆங்குசுட்ராம். ஓர் ஆங்குசுட்ராம் என்பது மீட்டரில் ஆயிரம் கோடியில் ஒரு பங்கு. கண்ணுக்குப் புலனாகும் ஒளியின் அலைநீளமோ இதனினும் ஆயிரக்கணக்கான மடங்கு பெரிது. பேரலை சிறுபொருளை உணராது. 1895-இல் இரோண்ட்கன் கண்ட ஊடுகதிரின் அலைநீளம் அணுக்களின் இடைத்தொலைவோடு ஒத்திருப்பதால், படிகத்தில் ஒழுங்காக அடுக்கப்பட்ட அணுக்கள் அதனைக் குறித்த திசைகளில் மட்டும் சிதறச் செய்யும். 1912-இல் இலாவே இதனைக் காட்டினார். பிராக் தந்தையும் மகனும் அச்சிதறலினின்று அணுவமைப்பைக் கணக்கிடும் நெறியை வகுத்தனர்.

உப்பின் படிகம் தானாக விளையும்; புரதத்தின் படிகத்தைப் பொறுமையோடு வளர்த்தாக வேண்டும். தூய்மையாக்கிய புரதக் கரைசலில் ஒரு துளியைச் சிறு கண்ணாடி வில்லையின் அடியில் தொங்கவிட்டு, அடர்ந்த உப்புநீர் கொண்ட குழியின் மேல் அவ்வில்லையைக் கவிழ்த்து, காற்றுப் புகாவண்ணம் ஓரங்களை மசகிட்டு அடைப்பர். துளியில் உள்ள நீர் ஆவியாகி மெல்ல மெல்லக் குழியை நாடிச் செல்லும். துளி சுண்டச் சுண்டப் புரத மூலக்கூறுகள் நெருங்கும். நெருக்கம் அளவோடு இருப்பின் வரிசையாய் அமையும், அளவு மீறின் குழைந்து வெண்சேறாகும். உப்பு, காடித்தன்மை, வெப்பம் ஆகியவற்றை மாற்றி மாற்றி நூற்றுக்கணக்கான துளிகளைத் தொங்கவிட்டாலும், மில்லிமீட்டரில் ஒருசில பத்திலொரு பங்கு நீளமுள்ள படிகம் ஒரு துளியில் தோன்றினால் அது பெரும்பேறு. அப்படிகத்தை மெல்லிழைக் கண்ணியால் முகந்து, நீர்ம நைட்டிரசனில் அமிழ்த்தி உறையச் செய்து, கதிரின் வழியில் நிறுத்திச் சுழற்றுவர். சிதறும் கதிரால் விழும் புள்ளிகளின் செறிவு அலையின் வலிமையைத் தரும். அலையின் கட்டத்தை, அதாவது முகடும் பள்ளமும் அமையும் இடத்தை, அது தராது. கட்டம் தெரியாமல் வடிவை மீட்க முடியாது என்பதால் இத்துறை நெடுங்காலம் தடைப்பட்டு நின்றது. பாதரசம் போன்ற கனத்த அணுக்களைப் புரதத்தில் ஏற்றி, ஏற்றுமுன்னும் பின்னும் புள்ளிகள் மாறும் அளவைக் கொண்டு கட்டத்தை மீட்கும் வழியைப் பெரூட்சு 1953-இல் கண்டார். 1937-இல் குருதிச் செம்புரதத்தைக் கையிலெடுத்த அவர், அதன் வடிவை உலகுக்குக் காட்டியபோது இருபது ஆண்டுகளுக்கு மேல் கழிந்திருந்தன.

கணக்கிட்டுப் பெற்ற வடிவு மெய்யானதா என்று சோதிக்கும் உரைகல் சென்னையில் பிறந்தது. அமினோக்காடித் தொடரின் முதுகெலும்பு ஒவ்வொரு கூற்றிலும் இரு கோணங்களில் மட்டுமே திரும்பக்கூடும். அவ்விரு கோணங்களின் எல்லா இணைகளையும் ஒரு சதுரத்தில் வரைந்து, அணுக்கள் ஒன்றையொன்று முட்டாமல் அமையும் இணைகள் அச்சதுரத்தின் சில திட்டுகளில் மட்டுமே உள்ளன என்பதைச் சென்னைப் பல்கலைக்கழகத்தில் கோ. நா. இராமச்சந்திரன், இராமகிருட்டிணன், சசிசேகரன் ஆகிய மூவரும் 1963-இல் நிறுவினர். இன்று உலகின் எந்த ஆய்வகம் எந்தப் புரதத்தின் வடிவை வெளியிடினும், அது இராமச்சந்திரன் வரைபடத்தில் நிறுத்தி ஆராயப்பட்ட பின்னரே ஏற்கப்படுகிறது. இதனைப் பெருமிதத்தோடு சொல்கிறேன். சொல்லத் தக்கதும் ஆகும்.

இனி நோயின் இயங்குமுறைக்கு வருவோம். உயிரணுவினுள் செய்தி செல்லும் வழிகளுள் ஒன்று, எரியமாகிய பாசுபரசும் உயிர்வளியும் கூடிய பாசுபேட்டு என்னும் சிறு தொகுதியை ஒரு புரதம் மற்றொன்றின் மேல் ஏற்றுவது. ஏற்றப்பட்ட புரதம் விழித்தெழும். அது வேறொன்றை எழுப்பும். இறுதியில் பெருகுக என்னும் கட்டளை உட்கருவை எட்டும். ஏற்றும் தொழிலுடைய நொதிகளை எரியவேற்றிகள் எனலாம். மாந்தரின் மரபணுத் தொகுதியில் இவற்றின் எண்ணிக்கை 500-க்கு மேல். இவை அனைத்தும் ஏற்றுவதற்கு வேண்டிய பாசுபேட்டை அடினோசின் முப்பாசுபேட்டு என்னும் ஒரே மூலக்கூற்றினின்றே பெறுகின்றன. ஆதலால் அம்மூலக்கூறு வந்தமரும் பிளவும் அனைத்திலும் ஏறத்தாழ ஒன்றே. 1991-இல் கலிபோர்னியாவில் சூசன் தெய்லரின் குழுவினர் முதல் எரியவேற்றியின் வடிவை வெளியிட்டபோது, அக்குடும்பம் முழுமைக்கும் பொதுவான அமைப்பு புலப்பட்டது: சிறுமடல் ஒன்று, பெருமடல் ஒன்று, இரண்டையும் இணைக்கும் கீல், கீலுக்கு முன்னே பிளவு, பிளவின் வாயிலில் மடங்கவும் விரியவும் வல்ல ஓர் இயக்கக் கண்ணி.

பிளவு அனைத்திலும் ஒன்றாயின், அதனை அடைக்கும் மருந்து ஐந்நூறு நொதிகளையும் அடைக்காதோ என்று அறிஞர் பலர் ஐயுற்றனர். ஐயம் முறையானதே, அதற்கு விடை புரதத்தின் இயக்கத்தில் இருந்தது. எந்தப் பட்டறையில் அடித்த பாக்குவெட்டியும் வெட்டும் நொடியில் அலகோடு அலகு பொருந்தி ஒரே நிலைக்கு வந்தாக வேண்டும். விரிந்து கிடக்கையில்தான் கொல்லனுக்குக் கொல்லன் வேறுபடும் கைவண்ணம் தெரியும். எரியவேற்றிகளும் அவ்வாறே: ஒரே தொழிலைச் செய்வதால் உழைக்கும் நிலையில் ஒத்துள்ளன, ஓய்வுநிலைக்கு அத்தகைய கட்டுப்பாடு எதுவும் இன்மையால் ஆங்கே வேறுபடுகின்றன.

நாட்பட்ட எலும்புமச்சைக் குருதிப்புற்று இதற்குத் தலைசிறந்த சான்று. 1960-இல் பிலடெல்பியா நகரில் நோவலும் அங்கர்போர்டும் இந்நோயாளரின் வெள்ளணுக்களில் இயல்பினும் குறுகிய நிறப்புரி ஒன்றைக் கண்டனர். 9-ஆம் நிறப்புரியின் துண்டும் 22-ஆம் நிறப்புரியின் துண்டும் இடம்மாறி ஒட்டியதன் விளைவே அது என்று 1973-இல் சானெட்டு ரௌலி தெளிவித்தார். ஒட்டிய இடத்தில் இரு மரபணுக்கள் ஒன்றாயின. ஒன்றன் பெயர் பி.சி.ஆர்., மற்றொன்றன் பெயர் ஏபிள். ஏபிள் ஓர் எரியவேற்றி. இயல்பான உயிரணுவில் வேண்டும்போது எழுந்து வேண்டாதபோது அடங்குவது. ஒட்டுப்புரதமான பின்னர் அடங்குதலை மறந்து, ஓயாது கட்டளையிடத் தொடங்கியது. ஒரே புரதத்தின் ஒரே பிழையால் விளையும் நோய் என்பதால், இலக்குநோக்கு மருந்துக்கு இதனினும் தெளிவான இலக்கு வாய்த்தல் அரிது.

சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் சிபா-கெய்கி நிறுவனத்தில் நிக்கலசு லைடன் முதலியோரின் குழு, எரியவேற்றிகளைத் தடுக்கும் சேர்மம் ஒன்றைப் படிப்படியாகத் திருத்திச் செம்மையாக்கியது. ஒரு வளையத்தில் ஒரே ஒரு மெத்தில் தொகுதியைச் சேர்த்தபோது, வேண்டாத நொதியைத் தடுக்கும் குறை நீங்கியது; மற்றொரு முனையில் வேறொரு வளையத்தைக் கோத்தபோது நீரில் கரையும் தன்மை கூடியது. இவ்வாறு உருப்பெற்ற இமாட்டினிப், 1998-இல் ஓரிகன் மருத்துவர் பிரையன் துருக்கரின் தலைமையில் நோயாளர்க்கு வழங்கப்பட்டது. வேறு மருந்து பயன்படாத நிலையில், நாளொன்றுக்கு 300 மில்லிகிராமும் அதற்கு மேலும் பெற்ற 54 பேரில் 53 பேரின் குருதியணு எண்ணிக்கை முழுதும் இயல்புக்குத் திரும்பியது. 2001 மே மாதம் அமெரிக்க அரசு இம்மருந்துக்கு ஒப்புதல் அளித்தது. நாள்தோறும் விழுங்கும் மருந்தால் கொடிய குருதிப்புற்றொன்று நீண்டநாள் உடன்வாழத் தக்க நோயாயிற்று.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். இமாட்டினிபைச் செய்தவர்கள் ஏபிளின் வடிவைப் பார்த்துச் செய்யவில்லை. வேதியியலாரின் கைத்திறனும் ஓயாத சோதனையுமே அதனைத் தந்தன. அது ஏன் ஏபிளைத் தேர்ந்து பற்றுகிறது என்பதை 2000-ஆம் ஆண்டில் நியூயார்க்கின் இராக்பெல்லர் பல்கலைக்கழகத்தில் சான் குரியனின் குழு விளக்கியது. இமாட்டினிபின் நெருங்கிய உறவுச் சேர்மம் ஒன்றோடு ஏபிளைப் படிகமாக்கி அவர்கள் கண்ட வடிவு, எவரும் எதிர்பாராதது. இயக்கக் கண்ணி உள்நோக்கி மடங்கிக் கிடந்தது. கண்ணியின் அடியில் உள்ள அசுபார்ட்டேட்டு, பினைல்அலனின், கிளைசின் என்னும் மூன்று அமினோக்காடிகளும் புறம்நோக்கிப் புரண்டிருந்தன. அவை விலகியதால் திறந்த ஆழ்குழியில் மருந்தின் நீண்ட உடல் நுழைந்து கிடந்தது. உழைக்கும் ஏபிளில் அக்குழியே இல்லை. மருந்து, உழைப்பாளியோடு போட்டியிட்டுக் கருவியைப் பறிக்கவில்லை. புரதம் ஓய்ந்த நொடியில் அதனைப் பற்றி, மீண்டும் எழவிடாமல் நிறுத்தியது.

இங்குக் கூர்ந்து நோக்கத் தக்க நுட்பம் ஒன்று உண்டு. சார்க்கு என்னும் மற்றோர் எரியவேற்றியில், மருந்தைத் தொடும் அமினோக்காடிகள் ஏபிளில் உள்ளவற்றோடு ஏறத்தாழ முற்றும் ஒத்தவை; ஆயினும் இமாட்டினிப் அதனை மிக நொய்ம்மையாகவே பற்றும். பின்னாளில் சார்க்கையும் மருந்தோடு படிகமாக்கிப் பார்த்தபோது, அதுவும் அதே புரண்ட நிலையில் இருந்தது. ஆகவே படிகத்தில் உறைந்த ஒற்றை வடிவு முழு விடையன்று; அவ்வடிவுக்கு வந்துசேர ஒவ்வொரு புரதமும் செலவிடும் ஆற்றலும், மருந்து அமர்ந்த பின்னர்ப் புரதம் அதனைச் சூழ்ந்து இறுகும் முறையும் சேர்ந்தே பற்றின் வலிமையை வகுக்கின்றன. இவ்வியக்கங்களைக் கரைசலிலேயே அளக்கக் காந்த ஒத்ததிர்வு உதவியது.

வடிவறிவின் உண்மையான வலிமை, மருந்து தோற்றபோது வெளிப்பட்டது. முற்றிய நிலையில் இருந்த சிலரிடம் இமாட்டினிப் சில திங்களே வேலைசெய்து பின் பயனற்றுப் போனது. 2001-இல் சார்லசு சாயர்சின் குழு கரணியத்தைக் கண்டது: ஏபிளின் 315-ஆம் இடத்தில் இருக்க வேண்டிய திரியோனின், ஐசோலியூசினாகத் திரிந்திருந்தது. மரபணுவில் ஒரே ஓர் எழுத்து மாற்றம். முந்தைய ஆண்டில் வெளியான வடிவைப் பார்த்ததும் பொருள் விளங்கியது. திரியோனினின் முனையில் உள்ள உயிர்வளி மருந்தோடு நீரகப் பிணைப்புக் கொள்ளும். ஐசோலியூசினில் அவ்வுயிர்வளி இல்லை, மாறாகப் பருத்த கரியத் தொகுதி ஒன்று குழியின் வாயிலை மறித்து நிற்கும். இவ்விடத்தை வாயிற்காவல் என்பர். 2006-இல் தசாட்டினிப்பும் 2007-இல் நிலோட்டினிப்பும் ஒப்புதல் பெற்றன; வேறு பல திரிபுகளை அவை வென்றன, வாயிற்காவலின் திரிபை வெல்லவில்லை.

அதனை வென்ற பொனாட்டினிப்பின் கட்டமைப்பு, வடிவறிந்து மருந்து சமைத்தலுக்கு இலக்கணமாகத் தக்கது. வாயிலைக் கடக்கும் இடத்தில் மருந்து தடித்திருத்தல் ஆகாது, வளைந்திருத்தலும் ஆகாது. கரியணு இரண்டு முப்பிணைப்பால் சேரும்போது அத்தொகுதி அம்புபோல் நேராகவும் மெலிதாகவும் அமையும். அத்தகைய முப்பிணைப்பை மருந்தின் இடுப்பில் வைத்து, ஐசோலியூசினின் பக்கலில் முட்டாமல் வழுக்கிச் செல்லுமாறு அதனை அமைத்தனர். 2012-இல் அது நோயாளர்க்குக் கிட்டியது. ஆனால் குருதிக்குழாய் அடைப்பு என்னும் பெருந்தீங்கு அதனோடு சேர்ந்து வந்தமையால், அளவறிந்து ஆளவேண்டிய மருந்தாகவே அது இருக்கிறது.

பிளவை விட்டு முற்றிலும் விலகிச் சென்ற மருந்து அசிமினிப். என் மனத்தை மிகக் கவர்ந்ததும் இதுவே. இயல்பான ஏபிளின் தலைமுனையில் பதினான்கு கரியணு நீளமுள்ள கொழுப்புத் தொடர் ஒன்று ஒட்டியிருக்கும். புரதம் அடங்க வேண்டும்போது அத்தொடர் வளைந்துவந்து, பெருமடலின் அடியில் உள்ள ஒரு குழிவில் செருகிக்கொள்ளும். செருகியதும் முழுப்புரதமும் இறுகி ஓயும். 2003-இல் வெளியான வடிவாய்வுகள் இத்தன்னடக்கப் பொறியை வெளிக்கொணர்ந்தன. நிறப்புரிகள் இடம்மாறி ஒட்டியபோது அறுந்துபோனது இத்தலைமுனையே. ஆகவே ஒட்டுப்புரதத்தில் குழிவு உண்டு, அதனுள் செருகும் தொடர் இல்லை. அசிமினிப் அவ்வெற்றிடத்தில் அமர்ந்து, இழந்த தொடரின் வேலையைத் தான் செய்கிறது. எரியவேற்றிகள் அனைத்துக்கும் பொதுவான பிளவை அது தீண்டுவதே இல்லை. வாயிற்காவல் திரிந்திருந்தாலும், மருந்தளவை உயர்த்தி வழங்கின் வேலைசெய்யும். 2021-இல் இது ஒப்புதல் பெற்றது.

இமாட்டினிபின் வரலாற்றில் சென்னைக்கும் ஓரிடம் உண்டு. அம்மருந்துப் பொருளின் பீட்டா என்னும் படிக வகைக்குத் தனிக் காப்புரிமை வேண்டி நொவார்ட்டிசு நிறுவனம் அளித்த விண்ணப்பத்தைச் சென்னைக் காப்புரிமை அலுவலகம் 2006-இல் மறுத்தது. வழக்கு உயர் நீதிமன்றம், மேல்முறையீட்டு வாரியம் எனப் படியேறி, 2013 ஏப்பிரல் முதல் நாள் உச்ச நீதிமன்றத்தில் நிறுவனத்திற்கு எதிராக முடிந்தது. முன்பே அறிந்த பொருளின் புதிய படிக வகை, நோய்தீர்க்கும் திறனைக் கூட்டினாலன்றிப் புதுப்புனைவு ஆகாது என்பது தீர்ப்பின் சாரம். உள்நாட்டு நிறுவனங்கள் அம்மருந்தைப் பன்மடங்கு குறைந்த விலையில் தொடர்ந்து செய்ய வழி நிலைத்தது. வாழ்நாள் முழுதும் நாள்தோறும் உண்ண வேண்டிய மருந்து எளியவர் வாங்கத்தக்க விலையில் கிடைத்தாலன்றி, அணுவளவில் பெற்ற வெற்றி நோயாளியின் வீட்டை எட்டாது.

ஏபிளுக்கு ஆழ்ந்த குழியாவது இருந்தது. கே-ராசு என்னும் புரதத்திற்கு அதுவும் இல்லை என்றே முப்பது ஆண்டுகள் எண்ணினர். ஏறத்தாழ 190 அமினோக்காடிகளே கொண்ட சிறு புரதம். குவானோசின் முப்பாசுபேட்டைப் பற்றியிருக்கும்போது உழைக்கும், அது சிதைந்து இருபாசுபேட்டு ஆனதும் ஓயும். 12-ஆம் இடத்தில் உள்ள கிளைசின் வேறொன்றாகத் திரியின் அச்சிதைவு தடைப்பட்டு, புரதம் உழைக்கும் நிலையிலேயே தங்கிவிடும். மாந்தரின் புற்றுகளில் இத்தகைய திரிபு நேர்வது 1982 முதலே தெரியும். ஆயினும் முப்பாசுபேட்டை அது விடாப்பிடியாகப் பற்றுவதால் அப்பிளவில் மருந்து போட்டியிட இயலாது. எஞ்சிய மேற்பரப்போ, 1980-களின் இறுதியில் வெளியான படிக வடிவுகளில் மருந்து தங்கப் பிடியின்றி வழுவழுப்பாகத் தோன்றியது. மருந்துக்கு அடங்காதது என்று அதற்குப் பெயரிட்டுக் கைவிட்டனர்.

சான்பிரான்சிசுகோவில் கெவன் சோக்காட்டின் குழு ஒரு வகைத் திரிபை மட்டும் தேர்ந்தது: கிளைசின் சிசுட்டீனாக மாறியது. சிசுட்டீனில் கந்தக அணு உண்டு. தக்க சேர்மத்தோடு அது நிலையாகப் பிணையும். இயல்பான கே-ராசில் 12-ஆம் இடத்தில் சிசுட்டீன் இன்மையால், அங்குப் பிணையும் மருந்து நல்ல புரதத்தைத் தொடாது. கந்தகத்தைத் தூண்டிலாக வைத்துப் பல்வேறு சிறு சேர்மங்களைச் சோதித்து, பிணைந்தவற்றைப் புரதத்தோடு படிகமாக்கியபோது, முன்னைய வடிவுகளில் இல்லாத குழிவு ஒன்று திறந்திருக்கக் கண்டனர். மருந்து வந்தாலன்றித் திறவாத குழிவு அது. இருபாசுபேட்டைப் பற்றி ஓய்ந்த நிலையில் மட்டுமே அது வாய்ப்பதாகும். 2013-இல் இது வெளியானது. அக்குழிவின் ஓரத்தில் 95-ஆம் இடத்து இசுட்டிடின் சற்றே விலகித் தரும் சிற்றிடுக்கையும் பயன்கொண்டு செம்மையாக்கப்பட்ட சோட்டோராசிப், 2021 மே மாதம் நுரையீரல் புற்றுக்கு ஒப்புதல் பெற்றது. சிசுட்டீன் திரிபுடைய கே-ராசு முற்றிலும் உழைப்பில் பூட்டப்பட்டதன்று, அவ்வப்போது ஓய்வுக்குத் திரும்புவது. அதனாலேயே இம்மருந்து கைகூடியது. அகப்பட்டது மீண்டும் ஓய்விலேயே.

எனினும் இங்கும் எதிர்ப்பு முளைத்தது. குழிவின் சுவரில் உள்ள 96-ஆம் தைரோசின் திரிந்தால் மருந்து நழுவுகிறது. மேலும், ஓய்வுக்கு அரிதாகவே திரும்பும் பிற திரிபுகளைச் சோட்டோராசிப் அணுகவே முடியாது. கணையப் புற்றில் மலிந்தவை அத்திரிபுகளே. கணினி வழியே அமினோக்காடி வரிசையினின்று வடிவைக் கணித்துரைக்கும் ஆல்பாபோல்டு, 2024-இல் தன் ஆக்குநர்க்கு நோபல் பரிசை ஈட்டித் தந்த அருஞ்செயல்தான். ஆயினும் அது பெரும்பாலும் ஒரு புரதத்திற்கு ஒரு நிலையையே வரைந்து காட்டுகிறது, மருந்து வந்தபின் திறக்கும் குழிவை அது எளிதில் காட்டுவதில்லை. அவற்றைக் காண இன்றும் துளியைத் தொங்கவிட்டுப் படிகம் வளர்க்க வேண்டியிருக்கிறது, அல்லது மென்பனிப் படலத்தில் மூலக்கூறுகளை உறையச் செய்து மின்னி நுண்ணோக்கியால் நூறாயிரக்கணக்கில் படம்பிடித்து, நிலைக்கு நிலை பிரித்தடுக்க வேண்டியிருக்கிறது.

ஓயாது உழைக்கும் கே-ராசுக்கு இப்பொழுது வேறொரு வழி திறந்துள்ளது. உயிரணுவில் இயல்பாகவே நிறைந்திருக்கும் சைக்ளோபிலின் என்னும் புரதத்தோடு முதலில் மருந்து சேர்கிறது. சேர்ந்த இரண்டின் மேற்பரப்புகளும் கூடி ஆக்கும் புதுமுகம், முப்பாசுபேட்டைப் பற்றி உழைக்கும் கே-ராசின் வழுவழுப்பான பரப்பில் படிந்து, அது பிற புரதங்களைத் தொடாதவாறு மறைக்கிறது. தனித்த மருந்துக்குக் கிட்டாத பிடி, மூன்றும் கூடிய கூட்டில் கிட்டுகிறது. தாராக்சன்ராசிப் என்று பெயரிடப்பட்ட இவ்வகை மருந்தைக் கணையப் புற்றுள்ளோரிடம் ஆய்ந்து வருகின்றனர்.